கதவைத் தட்டுபவர் எந்தக் கணக்கில்? சாஆ, பெக்கோக் தோட்ட வட்டாரத்தை முன்வைத்து ஒரு நிகழ்வு ஆய்வு

2019ஆம் ஆண்டின் தேசிய சுகாதார, நோய்நிலை ஆய்வு மலேசியப் பெரியவர்களில் 18.3 விழுக்காட்டினருக்கு நீரிழிவு இருப்பதாகச் சொன்னது. இந்தியரிடையே அது 31.4 விழுக்காடு. மேடைகளிலும் நாளிதழ்களிலும் இந்த எண்ணை அடிக்கடி கேட்கிறோம். யாரோ ஒருவர் வீட்டுக் கதவைத் தட்டி, ஒப்புதல் வாங்கி, விரலில் குத்தி ஒரு சொட்டு இரத்தம் எடுத்ததால்தான் அது கிடைத்தது. அந்த யாரோ ஒருவரை எப்படிப் பழக்குவது, பழக்கியபின் எப்படித் தக்கவைப்பது என்பதே இங்கே பொருள்.

ஆய்வுப் பணியாளர் பலத்தைப் பற்றி நாடுகள் திட்டம் போடும்போது மேல்தட்டைத்தான் எண்ணுகின்றன. மலேசியாவின் மைபிரெய்ன்15 திட்டம் 2023க்குள் 60,000 முனைவர் பட்டதாரிகள் என்று இலக்கு வைத்தது. அமெரிக்காவில் 1974இல் வந்த தேசிய ஆய்வுச் சேவை விருதுச் சட்டம் உயிர்மருத்துவத்துக்கும் நடத்தை அறிவியலுக்கும் எத்தனை ஆய்வாளர் தேவை என்பதைத் தொடர்ந்து மதிப்பிடச் சொல்கிறது. அந்தக் கணக்கும் பெரும்பாலும் முனைவர் பட்ட மாணவர், அதற்கு அடுத்த நிலை ஆய்வாளர் என்ற அளவோடு நிற்கிறது. களத்தில் தரவு எடுப்பவர், ஆய்வுக்கூட உதவியாளர், தரவைச் சீர்செய்பவர் ஆகியோர் மானியத்தின் செலவுக் கணக்கில் வருவார்கள். பணியாளர் பலம் என்ற கணக்கில் வரமாட்டார்கள். ஆய்வு உடையும்போது முதலில் உடைவது இந்த அடித்தட்டுதான்.

இடம்

ஜொகூரின் சிகாமட் மாவட்டத்தில், லாபிஸுக்கும் யோங் பெங்குக்கும் இடையே இருக்கிறது சாஆ. அதே மாவட்டத்தில் இரயில் பாதையை ஒட்டியது பெக்கோக். இரண்டும் தோட்டங்களை நம்பி வளர்ந்த சிறு நகரங்கள். ரப்பர் நின்ற இடங்களில் பெரும்பாலும் இன்று செம்பனை நிற்கிறது. தொழிலாளர் வரிசை வீடுகளான லயங்களில் தமிழ்க் குடும்பங்கள் குறைந்து, இந்தோனேசிய, வங்காளதேசத் தொழிலாளர் கூடியிருக்கிறார்கள். தோட்டத்தை விட்டு வந்த குடும்பங்கள் பக்கத்துத் தாமான்களில் (குடியிருப்புப் பேட்டைகளில்) குடியேறியிருக்கின்றன.

இந்த மாவட்டத்தைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. மோனாஷ் பல்கலைக்கழக மலேசியா 2011இல் தொடங்கிய தென்கிழக்காசிய சமூக ஆய்வகம், சுருக்கமாக சியாக்கோ, சிகாமட்டின் 5 முக்கிம்களில் (மாவட்டத்தின் உட்பிரிவுகளில்) ஏறத்தாழ 40,000 பேரைத் தொடர்ந்து கவனித்து வரும் அமைப்பு. சாஆவும் பெக்கோக்கும் அந்த ஐந்தில் அடங்கும். உள்ளூர் ஆட்களையே தரவு சேகரிப்புக்கு எடுத்துப் பழக்கும் முறையை அது கையாண்டது. கீழே வரும் ஆள் கணக்கும் பணக் கணக்கும் சியாக்கோவின் கணக்குகள் அல்ல. இப்படிப்பட்ட ஒரு வட்டாரத்தில் 1,500 வீடுகளுக்கு 8 பேர் கொண்ட குழு அமைத்தால் என்ன ஆகும் என்று போட்டுப் பார்த்த மாதிரிக் கணக்கு.

தோட்டத்துக்குள்ளேயே ஒரு மருத்துவ ஆளைப் பழக்கி வைப்பது இங்கே புதிதல்ல. டிரெஸர் எனப்பட்ட தோட்ட மருத்துவ உதவியாளர் இருந்தார். தோட்ட மருத்துவமனை உதவியாளர்களைப் பதிவு செய்ய 1965இல் தனிச் சட்டமே வந்தது. எந்த லயத்தில் யாருக்குக் காய்ச்சல், யார் மருந்தை வாங்கிச் சாப்பிடாமல் வைத்திருக்கிறார் என்பது அவருக்குத் தெரியும். பல தோட்டங்களில் அந்தப் பதவி மறைந்துவிட்டது. அந்த அறிவை வேறு யாரும் கையேற்கவில்லை.

களத்தின் கண் எவ்வளவு முக்கியம் என்பதற்கு நிப்பா கிருமி பரவிய கதை போதும். 1998 கடைசியில் தொடங்கிய மூளைக் காய்ச்சலை முதலில் ஜப்பானிய மூளைக் காய்ச்சல் என்றே எண்ணி, கொசு மருந்து அடித்தார்கள், தடுப்பூசி போட்டார்கள். நோய் கண்டவர்களோ பன்றிகளோடு நெருங்கி வேலை செய்த பெரியவர்கள். அவர்களில் இந்தியத் தொழிலாளரும் பலர். தடுப்பூசி போட்டவர்களுக்கும் நோய் வந்தது, பன்றிகளும் நோயுற்றன. கொசுவால் பரவும் நோய் இப்படி ஆள் பார்த்துப் பிடிக்காது. 1999 மார்ச்சில் மலாயாப் பல்கலைக்கழகத்தில் சுவா காவ் பிங் அந்தக் கிருமியைப் பிரித்தெடுத்தார். மலேசியாவில் நோய் கண்டவர் 265, இறந்தவர் 105. ஆய்வுக்கூடத்தில் ஒரு கூர்மையான ஆள் இருந்தது நாட்டின் நல்லூழ். ஆனால் யார், எந்த வேலை, எந்த விலங்கு என்ற கேள்விகளுக்கு விடை கொட்டகையில் நின்று கேட்பவரிடமிருந்துதான் வரும்.

ஆளெடுப்பு

பள்ளி இறுதித் தேர்வான எஸ்.பி.எம். முடித்தவர், தமிழும் மலாயும் சரளமாகப் பேசுபவர், மோட்டார் சைக்கிள் உரிமம் உள்ளவர். இந்த மூன்றும் போதும். உயிரியல் பாடத்தில் ஏ வாங்கியவரைத் தேடுவது வீண். அவர் ஆறு மாதத்தில் கல்லூரிக்குப் போய்விடுவார். குழந்தைகள் பள்ளிக்குப் போகத் தொடங்கிய 30 வயதுக்கு மேற்பட்ட பெண்கள் இந்த வேலையில் நிலைப்பதற்கு வாய்ப்பு அதிகம். வீட்டுக்குள் நுழையும் உரிமையும் அவர்களுக்கு எளிதில் கிடைக்கும். 8 பேரில் 5 பேராவது பெண்களாக இருப்பது நல்லது. இடுப்புச் சுற்றளவு எடுக்கும் வேலையில் இதற்கு மாற்றே இல்லை.

எட்டுப் பேர் வேண்டுமென்றால் 11 பேரைப் பயிற்சிக்கு எடுக்க வேண்டும். பயிற்சி முடிவதற்குள் ஓரிருவர் விலகுவார்கள், ஓரிருவரை அனுப்ப வேண்டியிருக்கும்.

பயிற்சியும் அதில் கெடுவதும்

10 வேலை நாள் என்பது குறைந்த அளவு. முதல் 2 நாள் ஒப்புதலும் இரகசியம் காத்தலும், அடுத்த 3 நாள் அளவைகள், 2 நாள் கேள்வித்தாள், 2 நாள் உண்மையான வீடுகளில் ஒத்திகை, கடைசி நாள் தேர்வு. மருந்துச் சோதனை ஆய்வாக இருந்தால் நல்ல மருத்துவ ஆய்வு நடைமுறைப் பயிற்சி தனி: 3 நாள், இறுதியில் தேர்வு, சான்றிதழ். ஆய்வே தேசிய மருத்துவ ஆய்வுப் பதிவேட்டில் பதிவாகி, நெறிமுறைக் குழுவின் ஒப்புதல் வந்த பிறகே கதவைத் தட்டலாம். சுகாதார அமைச்சின் கிளினிக்குகளோ நோயாளிகளோ சம்பந்தப்பட்டால் அமைச்சின் சொந்த நெறிமுறைக் குழுவைத் தாண்டாமல் ஒன்றும் நடக்காது. ஆட்களை எடுத்துச் சம்பளம் கொடுக்கத் தொடங்கியபின் இந்தக் கடிதத்துக்காகக் காத்திருப்பது பணத்தைச் சாக்கடையில் ஊற்றுவதுதான்.

இரத்த அழுத்தம். உலக சுகாதார நிறுவனத்தின் ஸ்டெப்ஸ் முறைப்படி 15 நிமிடம் உட்கார்ந்து ஓய்வு, 3 முறை அளவு, ஒவ்வொன்றுக்கும் இடையே 3 நிமிடம், கடைசி இரண்டின் சராசரி. காகிதத்தில் எளிது. லயத்து வாசலில், தொலைக்காட்சி ஓட, பேரப்பிள்ளை மடியில் ஏற, 15 நிமிடம் 4 நிமிடமாகும். முதுகு சாயாமல் இருப்பது, கால் மேல் கால் போடுவது, சட்டைக் கைக்கு மேலேயே அழுத்தமானியின் பட்டையைச் சுற்றுவது, நடுவில் பேச்சுக் கொடுப்பது ஆகிய எல்லாமே அளவை ஏற்றிக் காட்டும். மிகுதியாக நடக்கும் தவறு பட்டையின் அளவு. மேற்கைச் சுற்றளவு 32 செ.மீ.க்கு மேல் போனால் பெரிய பட்டை வேண்டும். செம்பனைக் குலை வெட்டும் ஆண்களின் கையில் நடுத்தரப் பட்டையைச் சுற்றினால் இல்லாத இரத்த அழுத்தத்தைக் கண்டுபிடிப்போம். இருவராகப் போகும் ஒவ்வொரு இணைக்கும் இரண்டு அளவுப் பட்டைகளும் பையில் இருக்க வேண்டும். ‘பெரியது ஆபீஸில் இருக்கிறது’ என்ற பதில் வரவே கூடாது.

இரத்தச் சர்க்கரை. குறைந்தது 8 மணி நேரம் வெறும் வயிறு. தோட்டத்தில் இது எப்போது சாத்தியம்? பெரட்டுக்கு (வேலைக்கு முன் ஆள் கணக்கெடுக்கும் காலைக் கூட்டத்துக்கு) முன்பு, அல்லது ஞாயிறு காலை. பிற்பகல் 4 மணிக்குப் போகும் குழுவால் இதைச் செய்ய முடியாது. ‘பசியாறிட்டீங்களாக்கா?’ என்று கேட்டால் இல்லை என்பார். விடியலில் குடித்த சீனி போட்ட வரக்கோப்பி அவர் கணக்கில் சாப்பாடு அல்ல. ஆகவே கேள்வித்தாளில் கோப்பி, தேத்தண்ணி, மைலோ என்று தனித்தனியாகக் கேட்க வேண்டும். விரலைச் சோப்புப் போட்டுக் கழுவித் துடைக்க வேண்டும். பழம் உரித்த கையோடு குத்தினால் சர்க்கரை கூடித் தெரியும். ஆல்கஹால் பஞ்சால் துடைத்தால் காயும்வரை பொறுக்க வேண்டும். சோதனைப் பட்டிகளின் குப்பியைத் திறந்து போட்டால் ஈரம் ஏறும். வெயிலில் நிறுத்திய காருக்குள் விட்ட பெட்டியை மறுநாள் பயன்படுத்தவே கூடாது. ஒவ்வொரு நாள் காலையும், சர்க்கரை அளவு முன்பே தெரிந்த கட்டுப்பாட்டுக் கரைசலால் கருவியைச் சோதித்து, எண்ணைப் பேரேட்டில் எழுதிய பிறகே புறப்பட வேண்டும். ஊசிப் பெட்டி முக்கால் பாகம் நிறைந்ததும் மூடிவிட வேண்டும்.

இடுப்புச் சுற்றளவு: கடைசி விலா எலும்புக்கும் இடுப்பெலும்பின் மேல் விளிம்புக்கும் நடுவே, மூச்சை இயல்பாக விட்ட நிலையில், 0.1 செ.மீ. துல்லியத்தில். உண்மையாகவே அளந்திருக்கிறார்களா என்று பார்க்க ஒரு எளிய சோதனை உண்டு. 100 அளவுகளில் கடைசி இலக்கம் 0 அல்லது 5 ஆக வருவது 20 அளவில் இருக்க வேண்டும். 40 வந்தால் நாடாவைப் பார்க்காமல் எழுதுகிறார் என்று பொருள். இதை வாராவாரம் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் போட்டுப் பார்க்க வேண்டும். மாதக் கடைசியில் பார்த்தால் கெட்ட தரவு நூற்றுக்கணக்கில் சேர்ந்திருக்கும்.

உள்ளூர் ஆளின் பலமும் பலவீனமும்

நடத்தை சார்ந்த கேள்விகளில்தான் குழு தடுமாறும். குடி பற்றிய ஆடிட் கேள்வித்தாளில் 10 கேள்விகள். 40இல் 8 அல்லது அதற்கு மேல் எடுத்தால் கவனிக்க வேண்டிய நிலை. ‘ஒரு நாளைக்கு எத்தனை அளவு குடிப்பீர்கள்’ என்ற கேள்விக்கு ‘ஒரு போத்தல்’ என்று பதில் வரும். உலக சுகாதார நிறுவனத்தின் ஒரு அளவு என்பது 10 கிராம் தூய ஆல்கஹால். 150 மி.லி. சம்சு (மலிவு விலைச் சாராயம்), 40 விழுக்காடு என்றால் 150 × 0.40 × 0.789 = 47 கிராம்; அதாவது ஏறத்தாழ 5 அளவு. அந்தச் சின்னப் போத்தலை ‘1’ என்று குறித்துக்கொண்டு வந்தால் ஆய்வே பொய். ஆகவே அந்த வட்டாரக் கடைகளில் விற்கும் போத்தல்களின் படங்களையும் அளவையும் ஒரு அட்டையில் அச்சிட்டு, மாற்று எண்ணை அதிலேயே எழுதிக் கொடுத்துவிட வேண்டும். வாசலில் நின்று யாரும் பெருக்கிப் பார்க்க மாட்டார்கள்.

அளவு அட்டை தீர்க்காத சிக்கல் ஒன்று உண்டு. கேள்வி கேட்பவர் பக்கத்து லயத்து முனியாண்டி மகள். ‘உங்கள் குடியால் வீட்டில் யாருக்காவது காயம் பட்டதுண்டா’ என்று அவள் கேட்டால் அந்த மாமா என்ன சொல்வார்? கதவைத் திறக்க வைக்கும் உறவுதான் வாயையும் அடைக்கிறது. உள்ளூர் ஆட்களை எடுப்பது நல்லது என்று எழுதுபவர்கள் இதைப் பெரும்பாலும் சொல்வதில்லை. இதற்கு இரண்டு வழி உண்டு. சாஆ ஆட்களைப் பெக்கோக்குக்கும், பெக்கோக் ஆட்களை சாஆவுக்கும் அனுப்புவது ஒன்று. மொழியும் பழக்கமும் அதுவே, சொந்தம் மட்டும் இல்லை. மற்றது, அந்தரங்கக் கேள்விகளை மட்டும் தட்டைக்கணினியில் ஒலிப்பதிவாகக் கேட்டு, பதிலளிப்பவரே தொட்டுக் குறிப்பது. வயதானவர்களுக்குத் திரை பழகாததால் முதல் வழியே பெரிதும் கைகொடுக்கும். பெட்ரோல் செலவு கூடும்.

மனச்சோர்வுக்கான கேள்வித்தாளான பி.எச்.கியூ.-9இல் 9ஆவது கேள்வி தற்கொலை எண்ணம் பற்றியது. அதற்கு ‘இல்லவே இல்லை’ தவிர வேறு எந்தப் பதில் வந்தாலும், மொத்த மதிப்பெண் கவனிக்க வேண்டிய எல்லையான 10ஐத் தொடாவிட்டாலும், நடவடிக்கை வேண்டும். அவரைத் தனியே விட்டுவிட்டு எழுந்து வரக் கூடாது, மேற்பார்வையாளரை அங்கிருந்தே அழைக்க வேண்டும், கிளினிக் கெசிஹாத்தானுக்கு (அரசு சுகாதார நிலையத்துக்கு) பரிந்துரைக் கடிதம், மனநல உதவிக்கான ஹீல் 15555 தொலைபேசி எண் ஆகியவற்றைக் கொடுக்க வேண்டும். அந்த வீட்டிலிருந்து திரும்பும் பெண்ணும் ஒரு மனுஷிதான். வாரம் ஒருமுறை குழுவாக உட்கார்ந்து கேட்டதைப் பேசி இறக்கி வைக்க நேரம் ஒதுக்காத குழுக்களில் விலகல் கூடும். இதற்கு ஆகும் செலவு வாரத்தில் ஒன்றரை மணி நேரமும் தேத்தண்ணியும்.

ஒப்புதல் பற்றி ஒரு சொல். தோட்டம் தனியார் சொத்து. மேனேஜரின் கடிதம் இல்லாமல் கேட்டைத் தாண்ட முடியாது. மேனேஜர் உதவ நினைத்து, ‘பெரட்டில் எல்லாரையும் நிறுத்தி வைக்கிறேன், வந்து எடுத்துக்கொள்ளுங்கள்’ என்பார். ஒரே காலையில் 60 பேர்! மறுத்துவிட வேண்டும். கிராணியும் (தோட்டக் கணக்கர்) மண்டோரும் (கங்காணி) பார்த்துக்கொண்டிருக்கும் வரிசையில் கொடுக்கும் ஒப்புதல் ஒப்புதல் அல்ல. எழுதப் படிக்கத் தெரியாதவரிடம் கைரேகை வாங்கும்போது சாட்சி நிற்பவர் ஆய்வுக் குழுவையும் தோட்ட நிர்வாகத்தையும் சேராதவராக இருக்க வேண்டும்.

அளந்ததைச் சொல்லாமல் வந்தால் அடுத்த சுற்றில் கதவு திறக்காது. எண்கள் எழுதிய சீட்டு கையில் தரப்பட வேண்டும். அழுத்தம் 180/110ஐத் தொட்டால் அன்றே கிளினிக்.

எட்டில் இருவர் போனால்

இணைக்கு இருவராக 4 இணைகள். வாரநாளில் மாலை மட்டும் என்பதால் ஓர் இணைக்கு 3 வீடு. ஞாயிறு முழு நாள் என்பதால் 6 வீடு. வாரத்தில் 4 மாலையும் ஒரு ஞாயிறும் வேலை என்றால் ஓர் இணைக்கு 18, குழுவுக்கு 72. 1,500 வீட்டுக்கு 21 வாரம். மாலையில் பார்த்த வீடுகளின் வெறும் வயிற்றுச் சர்க்கரைக்காகக் காலையில் தனியே போவது இந்தக் கணக்கில் சேரவில்லை. எட்டாவது வாரத்தில் இருவர் விலகுகிறார்கள் என்று வையுங்கள். விளம்பரம், நேர்காணல் 3 வாரம், பயிற்சி 2, பழையவரோடு கூடப் போய்ப் பழகுவது 1. ஆறு வாரத்தில் 108 வீடுகள் போய்விட்டன. முழுக்குழுவின் ஒன்றரை வார வேலை அது. பயிற்சியாளரின் நேரம் தனி. எந்த வீட்டில் நாய் அவிழ்ந்திருக்கும், எந்தப் பாட்டி கோயிலுக்குப் போகும் நாள் எது, யாருக்குக் காது கேட்காது என்பதெல்லாம் விலகியவரோடு போய்விடும்; அதை எழுதி வைக்க ஒரு வீட்டுப் பேரேடு இருந்தால் பாதியாவது தங்கும்.

ஏன் விலகுகிறார்கள்? ஜொகூர் பாரு, சிங்கப்பூர் சம்பளத்தோடு போட்டி போட முடியாது என்பது எல்லாரும் சொல்வது. அது உண்மை, ஆனால் முழு உண்மை அல்ல. சம்பளம் எப்படித் தரப்படுகிறது என்பதும் காரணம். மலேசிய மானியங்களில் 11000 என்ற செலவுக் குறி ஊதியத்துக்கு, 29000 சேவைகளுக்கு. களப்பணியாளரை 29000இல் போட்டு ‘ஒரு படிவத்துக்கு இவ்வளவு’ என்று கொடுப்பது நிர்வாகத்துக்கு எளிது. இ.பி.எஃப். (சேமநிதி) இல்லை, சொக்சோ (சமூகப் பாதுகாப்புக் காப்புறுதி) இல்லை, மழை பெய்த வாரம் வருமானமும் இல்லை. படிவக் கூலியின் இன்னொரு விளைவு, உட்கார்ந்த இடத்திலேயே படிவத்தை நிரப்புவது. பத்தில் ஒரு வீட்டுக்காவது மேற்பார்வையாளர் திரும்பப் போய் 5 கேள்விகளை மறுபடி கேட்டால் இது பிடிபடும். ஆனால் கூலி முறையை மாற்றாமல் ஆளை மட்டும் மாற்றினால் புதியவரும் அதையே செய்வார். மாதச் சம்பளமே சரி. குறைந்தபட்ச ஊதியம் 2025இலிருந்து 1,700 ரிங்கிட். அதையே கொடுத்தால் சூப்பர்மார்க்கெட் காசாளர் வேலையோடுகூடப் போட்டி போட முடியாது.

அடுத்தது ஏணி. சேகரிப்பாளர், மூத்த சேகரிப்பாளர், கள மேற்பார்வையாளர், தரவு உதவியாளர் என்று நான்கு படியும், ஒவ்வொன்றுக்கும் சம்பள வேறுபாடும் முதல் நாளே காகிதத்தில் இருக்க வேண்டும். அதற்கு மேல் போக, எஸ்.பி.எம்.மில் தவறவிட்டவர்களுக்கும் ஒரு வழி உண்டு. மலேசியத் தகுதி முகமையின் ஏப்பெல் முறையில் வேலை அனுபவத்தைக் காட்டி, திறன் தேர்வு எழுதி, அனுபவக் கோப்பை ஒப்படைத்து டிப்ளோமாவுக்கும் (20 வயது) இளங்கலைக்கும் (21 வயது) விண்ணப்பிக்கலாம். அந்தக் கோப்புக்கு வேண்டியது பயிற்சிச் சான்றிதழ், அளவைத் தேர்வு முடிவு, மேற்பார்வையாளர் கடிதம். ஆய்வுக் குழு இவற்றை அவ்வப்போது எழுதிக் கொடுத்தால் போதும். வேலை முடிந்து மூன்று வருடம் கழித்து அவர் தேடி வரும்போது கையெழுத்திட யாரும் இருக்க மாட்டார்கள்.

மானியம் முடியும் மாதங்கள்

மேல்தட்டிலும் இதே நோய்தான். அமெரிக்காவில் முனைவர் பட்டம் பெற்ற ஒருவர் தமக்கென முதல் பெரிய தேசிய மானியம் வாங்கும்போது வயது சராசரியாக 40ஐத் தாண்டிவிடுகிறது. அங்கே 2012இல் வந்த உயிர்மருத்துவப் பணியாளர் குழு அறிக்கை, பயிற்சி மாணவர்களையே நம்பி ஆய்வுக்கூடங்கள் ஓடுவதைக் குறைத்து, நிரந்தரப் பணி ஆய்வாளர் இடங்களை ஊக்குவிக்கச் சொன்னது. சாஆவின் அளவில் அதன் பொருள் எளிது: எட்டுப் பேரையும் காப்பாற்ற முடியாது, மூவரைக் காப்பாற்றலாம்.

மானியம் பெரும்பாலும் 2 அல்லது 3 ஆண்டு. 24 மாத மானியம் என்றால் 15ஆம் மாதத்திலேயே அடுத்த விண்ணப்பம் எழுதத் தொடங்க வேண்டும். 18ஆம் மாதம் யாரை வைத்துக்கொள்வது என்று முடிவு செய்ய வேண்டும். மேற்பார்வையாளர், அளவைகளில் கைதேர்ந்தவர், தரவு உதவியாளர் என மூவர். 21ஆம் மாதம் மற்ற ஐவருக்கும் நேரில் சொல்லி, கோப்புகளைக் கொடுத்துவிட வேண்டும். கடைசி வாரத்தில் சொன்னால் செய்தி அன்று மாலையே லயமெங்கும் பரவும். அடுத்த முறை அந்த ஊரில் நல்ல ஆள் கிடைக்காது.

மூவருக்கும் ஆளுக்கு 2,200 ரிங்கிட், முதலாளியின் இ.பி.எஃப். 13 விழுக்காடு 286 ரிங்கிட், ஆக 2,486. ஆறு மாத இடைவெளிக்கு 44,748 ரிங்கிட், சொக்சோ தனி. முடிந்துபோன மானியத்தில் இந்தச் சம்பளத்தை எழுத முடியாது, வராத மானியத்திலும் எழுத முடியாது. பல்கலைக்கழகத்தின் உள்நிதி ஒரு வழி. இன்னொன்று, இடைப்பட்ட மாதங்களில் இந்த மூவரையும் கிளினிக் பதிவேட்டு ஆய்வு, இரத்தச் சர்க்கரைப் பின்தொடர்தல், வேறு ஆய்வுகளின் களப்பணி ஆகியவற்றுக்கு வாடகைக்கு விடுவது. இரண்டாவது வழிக்கு 18ஆம் மாதமே ஒப்பந்தம் பேச வேண்டும். நெறிமுறைக் குழுவின் ஒப்புதல் அந்தப் புதிய வேலைக்கும் தனியே வேண்டும் என்பதால், அதற்கும் சேர்த்தே நாள் எண்ண வேண்டும்.